எத முழுங்கணும்னு மாமா சொல்லுதேன்

பட்டிமன்றத்துல பேசக் கூப்பிட்டிருக்காவன்னு உங்க அம்மா சொன்னா மருமவனே. சந்தோசம். தலைப்பும் சொன்னா: 'உலகுக்கு அள்ளி வழங்கியது அரபு நாகரிகமா, மேலை நாகரிகமா?' தலைப்பு வச்ச மனுசன் லேசுப்பட்ட ஆளு இல்ல. குடுத்தது யாருன்னு கேக்காரே ஒழிய, வாங்குனது யாருன்னு கேக்கல பாத்தியா? வாங்குனத ஒத்துக்கிடணும்னு சொன்னா ரெண்டு அணிக்கும் பேச ஆளு சிக்காது.

எந்த அணின்னு இன்னும் சொல்லலையாம். அதப் பத்திக் கவலப்படாத. ரெண்டு அணிக்கும் வேண்டிய சரக்கு மாமாகிட்ட இருக்கு. நான் படிச்சது எட்டாங்கிளாசுதான். ஆனா பம்புசெட்டுக்கு நடுச்சாமத்துக்கு மேலதான் கரண்டு விடுதான். அது வரைக்கும் முழிச்சுக் கெடக்கவன் என்ன செய்வான்? நூலகத்துப் புஸ்தகத்தப் பொரட்டுவான். பேசுறதுக்கு விசயம் எவன்கிட்ட கேட்டாலும் கெடைக்கும், கேட்டியா. மேடையில எதச் சொல்லாம முழுங்கணும்னு தெரிஞ்சவனுக்குத்தான் கைதட்டு விழும். அதத்தான் சொல்லித் தரப் போறேன்.

அரபு அணின்னா பாக்தாத்துல ஆரம்பி. ஒன்பதாம் நூற்றாண்டு, கலிபா மாமூன் காலம். கிரேக்கனோட மருத்துவம், கணிதம், வானநூல், தத்துவம் எல்லாத்தையும் தேடித்தேடி அரபிக்குக் கொண்டுவந்தாவன்னு கொரல ஒசத்திச் சொல்லு. சொல்லிட்டு வாயப் பொத்திக்கோ. ஏன்னா அந்த மொழிபெயர்ப்பாளர்கள்ல பெரிய கை ஹுனைன் இப்னு இஸ்ஹாக். அவரு ஹீராவுல பொறந்த நெஸ்தோரிய சபைக் கிறிஸ்துவர். காலன்னு ஒரு பழைய கிரேக்க வைத்தியர் இருந்தாருல்லா, அவரு எழுதுனதுல 129 நூலப் பட்டியல் போட்டு, எத எவரு சிரியாக் மொழிக்குப் பேத்தாரு, எத அரபிக்குப் பேத்தாரு, யாரு கேட்டுப் பேத்தாருன்னு ஹுனைன் வரிவரியா எழுதி வச்சிருக்காரு. அதுல ஒரு நூலத் தேடி மெசபடோமியா, சிரியா, பாலஸ்தீனம், எகிப்துன்னு அலெக்சாந்திரியா வரைக்கும் அலைஞ்சிருக்காரு மனுசன். கடைசியில டமாஸ்கஸ்லதான் கெடச்சிது, அதுவும் பாதி. 

அப்ப புஸ்தகம் கிரேக்கனுக்கு, உழைப்பு கிறிஸ்துவருக்கு, துட்டு முஸ்லிம் கலிபாவுக்கும் பாக்தாத் பணக்காரங்களுக்கும். இத இப்படிப் பிரிச்சு மேடையில வச்சன்னா, உன் அணித்தலைவரே வேட்டியப் புடிச்சு இழுத்து ஒக்கார வச்சிருவாரு.

அடுத்தது எண்ணு. இங்கன ஒனக்குக் கை துறுதுறுங்கும், தெரியும். 'ஒண்ணுலருந்து ஒன்பதும் பூச்சியமும் நம்ம நாட்டுச் சொத்து'ன்னு மூணாவதா ஒரு அணிய நீயே தொடங்கிருவ. விசயம் உண்மதான். 662ஆம் வருசமே செவெரஸ் செபோக்துன்னு ஒரு சிரிய நாட்டு ஆயர், யூப்ரட்டீஸ் கரையில இருந்துக்கிட்டு, இந்தியாக்காரன் ஒன்பது குறியீட்ட வச்சே கணக்குப் போடுதான்னு எழுதிட்டாரு. ஆனா அவரு நம்மளப் புகழணும்னு எழுதல. அறிவு பூரா தங்ககிட்டதான் இருக்குன்னு நெனச்ச கிரேக்கனுவள குத்திக் காட்டுறதுக்கு நம்ம பேர எடுத்தாரு. ஊர்ல ரெண்டு பேரு சண்டைக்கு நடுவுல நம்ம பேரு அடிபட்ட மாதிரி. அதுக்குப் பெறவு 825 வாக்குல பாக்தாத்துல குவாரிஸ்மி அந்த எண்ண வச்சு எப்படிக் கூட்டணும் கழிக்கணும்னு நூல் எழுதுனாரு. அந்த நூலோட அரபி மூலம் இன்னைக்கு இல்ல. லத்தீன்ல பேத்து வச்சதுதான் மிச்சம். வாங்குனவன் வீட்டுலதான் பண்டம் தங்கிருக்கு, குடுத்தவன் வீட்டுல காலி.

லத்தீன்காரனும் லேசுல வாங்கிரல. பீசா ஊரு லியனார்டோ, பிபொனாச்சின்னு சொல்லுதோமே அவரு, சின்னப் பையனா இருக்கையில அல்ஜீரியாவுல பூஜியாத் துறைமுகத்துக்குப் போனாரு. அவங்கப்பாவுக்கு அங்கன சுங்கச்சாவடிச் சோலி. அங்க இந்த எண்ணக் கத்துக்கிட்டு, 1202ல புஸ்தகம் போட்டு, தொடக்கத்துலயே 'இந்தியர்களோட ஒன்பது எண்'ணுன்னு நேர்மையா எழுதிட்டாரு. வியாபாரிங்க கொண்டாடுனாங்கன்னு நெனப்ப. 1299ல பிளாரன்ஸ் நகரத்து லேவாதேவிக்காரங்க சங்கம், கணக்குப் புஸ்தகத்துல இந்த எண்ண எழுதக் கூடாதுன்னு தடையே போட்டுது. பூச்சியத்துல ஒரு வால இழுத்தா ஆறு, ஒன்பதுன்னு ஆயிருமேங்கிற பயம் அவங்களுக்கு. அந்தப் பயம் அவங்களுக்கு எப்படி வந்ததுன்னு நான் சொல்லணுமா? வட்டித் தொழில் பண்ணுதவனுக்கு அடுத்தவன் என்ன திருட்டுத்தனம் பண்ணுவான்னு நல்லாவே தெரியும்.

யானைக் கதைய மறந்துராத. கூட்டத்துல கொழந்தைங்க இருக்கும். பாக்தாத் கலிபா ஹாரூன் ரஷீது, பரங்கி ராசா சார்லிமேனுக்கு ஒரு யானை அனுப்புனாரு. பேரு அபுல் அப்பாஸ். சார்லிமேன் 797ல அனுப்புன தூதருங்க ரெண்டு பேரு வழியிலேயே செத்துப் போனாவ. கூடப் போன ஐசக்குங்கிற யூதர் ஒத்த ஆளா யானையக் கப்பல்ல ஏத்தி, இத்தாலியில எறக்கி, குளிர்காலத்த அங்கனயே ஓட்டிட்டு, ஆல்ப்ஸ் மலையத் தாண்டி, 802 சூலை 20ல ஆஹென் அரண்மனையில கொண்டு நிறுத்துனாரு. பட்டிமன்றத்துல எவனும் ஐசக்குக்குக் கைதட்ட மாட்டான். அவரு எந்த அணியிலயும் இல்லல்லா.

இதுல முழுங்க வேண்டியது ரெண்டு. ஒண்ணு, அந்த யானை அன்புக்கு வந்தது இல்ல. கலிபாவுக்கு ஸ்பெயின்ல ஆண்ட உமையாக்கள ஆகாது, கான்ஸ்டாண்டிநோப்பிள்காரன ஆகாது. சார்லிமேனுக்கும் அதே ரெண்டு பேரு மேலதான் எரிச்சல். ரெண்டாவது, இந்தத் தூதப் பத்தியும் யானையப் பத்தியும் பரங்கி நாட்டு ஏட்டுல விலாவாரியா இருக்கு, பழைய அரபு ஏட்டுல ஒரு வரி கெடையாது. மொய் வாங்குனவன் நோட்டுல பேரு, ஊரு, தொகை எல்லாம் பளிச்சுன்னு இருக்கு. வச்சவன் நோட்டுல பக்கமே காணோம். பெரிய வீட்டுக்காரனுக்கு மொய் வச்சது ஞாபகத்துல இருக்காதுல்லா.

சரி, மேலை அணி கெடச்சா என்ன பண்ணுவ? ஸ்பெயின்ல தொலேதோவுல ஆரம்பி. 1085ல கிறிஸ்துவ ராசா ஆறாம் அல்போன்சோ முஸ்லிம்கள்கிட்டருந்து அந்த ஊரப் புடிச்சான். ஊரோட சேத்து நூலகங்களும் கைக்கு வந்துது. இத்தாலியில கிரெமோனாவுலருந்து ஜெரார்டுன்னு ஒரு அறிஞர், தாலமியோட வானநூலு லத்தீன்ல இல்லையேங்கிற ஏக்கத்துல அங்க வந்தாரு. வந்தவரு திரும்பவே இல்ல. அரபி கத்துக்கிட்டு, 1175ல அந்த நூல முடிச்சாரு. இப்னு சீனாவோட பெரிய மருத்துவ நூல், அது இதுன்னு அவரு பேத்தது எழுபதுக்கு மேல. இத ஜெரார்டு எழுதி வைக்கல. எதுலயும் பேரப் போடாத மனுசன் அவரு. 1187ல அவரு செத்த பெறவு மாணாக்கங்கதான், குருவோட உழைப்ப வேற எவனாவது தூக்கிட்டுப் போயிருவானோன்னு பதறி, பட்டியல் போட்டு வச்சாங்க.

அந்தப் பதற்றம் நியாயமானதுதான், சொல்லுதேன் கேளு. ஜெரார்டுக்கு நூறு வருசத்துக்கு முன்னால வட ஆப்பிரிக்காவுலருந்து கான்ஸ்டன்டைன்னு ஒருத்தர் இத்தாலிக்கு வந்து, மோந்தே காசினோ மடத்துல துறவியா ஆனாரு. வரும்போது அரபு மருத்துவ நூலுங்களயும் கொண்டு வந்தாரு. அதுல அலி இப்னுல் அப்பாஸ் அல் மஜூசிங்கிற பாரசீக வைத்தியர் எழுதுன பெரிய நூல லத்தீனுக்கு மாத்துனாரு. எழுதுனவர் பேர மட்டும் விட்டுட்டாரு. தன் சொந்த நூல் மாதிரியே ஊருக்குள்ள ஓடவிட்டுட்டாரு. 1127ல அந்தியோக்கியாவுல ஸ்டீபன்னு ஒருத்தர் அதே நூல முழுசாப் பேத்து, இது மஜூசி எழுதுனதுன்னு போட்டு உடைச்சாரு. இதுக்கு நடுவுல ஒரு தலைமுறை வைத்தியன் கான்ஸ்டன்டைன் பேரச் சொல்லித்தான் நாடி பாத்திருக்கான்.

இதுக்கு நேர் எதிரா ஒருத்தர் இருக்காரு. இங்கிலாந்துல பாத் ஊர்க்காரர், அடெலார்டு. அரபு கல்வியத் தேடி ஊர விட்டு ஏழு வருசம் அலைஞ்சிட்டு வந்தவரு. தன் ஒடன்பொறப்பு மகனோட வாதம் பண்ணுற மாதிரி ஒரு நூல் எழுதுனாரு. பையன் பிரான்சுல படிச்சவன், பெரியவங்க சொன்னா சரிங்கிற கட்சி. பெரியப்பாவோ மாமாவோ, அவரு, 'எங்க அரபு ஆசிரியருங்க புத்திய வச்சு யோசிக்கக் கத்துக் குடுத்தாங்க, உன்னைய மூக்கணாங்கயத்தப் போட்டு இழுத்துட்டுப் போறாங்க'ங்கிற தொனியில ஏசுதாரு. அதுல ஒரு உண்மையையும் ஒடைச்சுச் சொல்லிட்டாரு: இந்தக் காலத்து ஆளுங்க புதுசா எதச் சொன்னாலும் மதிக்க மாட்டேங்கான், அதனால நானா யோசிச்சதக்கூட அரபுக்காரங்ககிட்டப் படிச்சதுன்னு சொல்லிருவேன்னு.

பாத்தியா கூத்த? ஒருத்தரு அரபுக்காரன் எழுதுனதத் தன்னுதுங்காரு. இன்னொருத்தரு தன்னுத அரபுக்காரன் சொன்னதுங்காரு. ரெண்டு பேருக்கும் நடுவுல அம்பது வருசம்கூட இல்ல. அந்தக் காலத்துல அறிவுக்கு எங்க மவுசு இருந்துதுன்னு காட்ட இதவிட சாட்சி வேண்டாம். ஆனா நீ மேலை அணியில நின்னா அடெலார்டத் தொடாத. எதிரணிக்காரன் அத வச்சே உன்னையக் கட்டிப் போட்ருவான்.

இந்த மொழிபெயர்ப்பெல்லாம் எப்படி நடந்ததுன்னும் சொல்லிருதேன். ஜெரார்டு பக்கத்துல காலிப்னு ஒருத்தர் இருந்தாரு. அரபி பேசுற கிறிஸ்துவர். அவரு அரபியப் பாத்து உள்ளூர்ப் பேச்சுல சொல்லச் சொல்ல, இவரு லத்தீன்ல எழுதுவாரு. இப்னு சீனாவோட ஆன்மா பத்துன நூலையும் இப்படித்தான் பேத்தாவ: யூத அறிஞர் ஒருத்தர் வார்த்தை வார்த்தையா உள்ளூர்ப் பேச்சுல சொன்னாரு, பாதிரியார் ஒருத்தர் லத்தீன்ல எழுதுனாரு. எழுதுன முஸ்லிம் செத்து நூறு வருசம். எந்த மதம் எந்த மதத்துக்குக் குடுத்ததுன்னு அந்த மேசையில போயி கேட்டுப் பாரு, மூணு பேரும் சேந்து ஒன்னைய வெளிய அனுப்பிருவாவ.

இப்ப எனக்குப் புடிச்ச ஆளுக்கு வாரேன். உசாமா இப்னு முன்கித். சிரியாவுல ஷைசர் கோட்டை அமீர் குடும்பம். மொதல் சிலுவைப்போருக்குப் போப்பாண்டவர் அறைகூவல் விட்டாருல்லா, அதே 1095ல பொறந்து, 1188 வரைக்கும் இருந்தாரு. தொண்ணூறு வயசுல ஒக்காந்து தான் கண்டது கேட்டதயெல்லாம் சொல்லி வச்சிருக்காரு. பரங்கியப் பத்தி வர்ற எடத்துலயெல்லாம் 'ஆண்டவன் அவனுவள ஒழிக்கட்டும்'னு ஒரு வரி சேத்துக்கிடுவாரு. சேத்துட்டு, அடுத்த வரியில என் சிநேகிதன் ஒரு பரங்கின்னு ஆரம்பிப்பாரு. நம்ம ஊர்ல சம்பந்திங்க பேசிக்கிட மாட்டாங்களா, அந்த வகை.

அரபு அணிக்கு உசாமாவோட வைத்தியர் கதை வெல்லக்கட்டி. லெபனான் மலையில முனைத்திராக் கோட்டைப் பரங்கித் துரை, வைத்தியர் வேணும்னு உசாமாவோட சித்தப்பா பெரியப்பா வகையறாவுக்குச் சொல்லி விட்டான். தாபித்துங்கிற சிரியக் கிறிஸ்துவ வைத்தியர் போனாரு. பத்தே நாள்ல திரும்பிட்டாரு. என்னய்யா இவ்வளவு வெரசான்னு கேட்டாவ. ஒரு வீரனுக்குக் கால்ல கட்டி. பத்துப் போட்டேன், கட்டி ஒடைஞ்சு சொகமாயிட்டு வந்துது. ஒரு பொம்பளைக்கு ஒடம்பு வறட்சி. பத்தியச் சோறு குடுத்துத் தேத்திக்கிட்டு இருந்தேன். அப்ப ஒரு பரங்கி வைத்தியன் வந்தான். வீரன்கிட்ட, ஒத்தக் காலோட வாழ்றியா, ரெண்டு காலோட சாவுறியான்னு கேட்டான். ஒத்தக் கால்னு அவன் சொன்னான். கோடாலிய வரவச்சு, காலக் கட்டையில வச்சு, ஒரே போடுன்னான். மொத வெட்டுல அறுபடல. ரெண்டாவது வெட்டுல எலும்புச் சோறு வெளிய வந்து ஆளு அங்கனயே காலி. பொம்பளைக்குத் தலையில பேய் இருக்குன்னு, மண்டையில சிலுவை மாதிரி கீறி, எலும்பு தெரியத் தோலை உரிச்சு உப்பத் தேய்ச்சான். அவளும் போயிட்டா. இனி என்னால ஆக வேண்டியது இருக்கான்னு கேட்டேன். இல்லன்னாவ. அவங்க வைத்தியத்துல தெரியாததயெல்லாம் தெரிஞ்சுக்கிட்டு வந்துட்டேன் — இப்படிச் சொன்னாராம் தாபித்து.

இதச் சொன்னா அரங்கம் அதிரும். அதோட நிறுத்திக்கோ. ஏன்னா உசாமா நிறுத்தல. அதே மூச்சுல இன்னொரு கதை சொல்லுதாரு. ஒரு பரங்கிக் கருவூலக்காரன், இவரு மனசாரச் சபிக்கிற ஆளு. குதிரை உதைச்சு அவனுக்குக் கால் பல எடத்துல புண்ணாகி, வச்ச களிம்பெல்லாம் கேக்கல. ஒரு பரங்கி வைத்தியன் வந்து, களிம்பத் தொடைச்சு எறிஞ்சுட்டு, கடுங்காடி ஊத்திக் கழுவிக் கழுவியே ஆத்திட்டான். இன்னொண்ணு, ஷைசர்ல ஒரு கைவினைக்காரரோட பையனுக்குக் கழுத்துல கண்டமாலை. அந்தியோக்கியாவுல பாத்த ஒரு பரங்கி, அப்பங்காரர்கிட்ட, இந்த மருந்தச் சொல்லித் தாரேன், ஆனா இத வச்சு எவன்கிட்டயும் காசு வாங்க மாட்டேன்னு உன் மதத்து மேல சத்தியம் பண்ணுன்னான். இவரு பண்ணுனாரு. பையனுக்குச் சொகமாச்சு. நானும் அந்த மருந்தப் பலருக்குக் குடுத்தேன், கேட்டுதுன்னு உசாமா எழுதுதாரு. பரங்கி குடுத்த மருந்து, முஸ்லிம் பண்ணுன சத்தியம், காசு இல்லாத வைத்தியம். பட்டிமன்றத்துல இத எந்தப் பக்கம் சேப்ப நீ?

ஜெருசலேம்ல அக்சா வளாகம் டெம்ப்ளர்ங்கிற சிலுவைப்போர் வீரனுவ கையில இருந்த காலம். உசாமா போனா, பக்கத்துல ஒரு சின்ன எடத்தத் தொழுகைக்கு ஒழிச்சுக் குடுப்பானுவளாம். ஒருநாள் தொழுதுக்கிட்டு இருக்கையில ஒரு பரங்கி ஓடி வந்து, இவரு மொகத்தப் புடிச்சுக் கெழக்கத் திருப்பி, இப்படித்தான் கும்பிடணும்னான். டெம்ப்ளர்காரனுவ அவன இழுத்துட்டுப் போனா, கண்ணசந்த நேரத்துல மறுபடியும் வந்து திருப்புதான். மன்னிச்சுக்கோங்க, இவன் ஊர்லருந்து இப்பத்தான் வந்தவன், வேற தெசையப் பாத்துக் கும்பிடுறவங்களப் பாத்ததே இல்லன்னு சமாதானம் சொன்னானுவ. புதுசா வந்தவன்தான் துள்ளுவான் மருமவனே. பத்து வருசம் பக்கத்து வீட்டுல குடியிருந்தவன் அடங்கிருவான். இன்னைக்கும் ரெண்டு நாகரிகத்தப் பத்தி அதிகமாக் கத்துறவன் யாருன்னு பாரு, எதுத்த வீட்டுத் திண்ணையில ஒரு நாள் ஒக்காந்திருக்க மாட்டான்.

உசாமாவோட நரித்தனம் ஒண்ணு இருக்கு. ஊருக்குத் திரும்புற பரங்கிச் சிநேகிதன் ஒருத்தன், தம்பின்னு கூப்பிடுற அளவுக்குப் பழக்கம், ஒம்ம பதினாலு வயசுப் பையன எங்கூட அனுப்பும், எங்க நாட்டுல வீரமும் வெவரமும் கத்துக்கிட்டு வரட்டும்னான். உசாமாவுக்கு உள்ளுக்குள்ள, பையன் கைதியாப் போனாக்கூட இதவிட மோசம் இல்லன்னு எரிச்சல். வெளிய என்ன சொன்னாரு தெரியுமா? எனக்கும் அதே ஆசதான், ஆனா அவன் பாட்டி உசுரா வச்சிருக்கா, திருப்பிக் கூட்டிட்டு வருவேன்னு என்கிட்ட சத்தியம் வாங்கிட்டுத்தான் விட்டா. ஒங்க அம்மா இருக்காவளான்னான் பரங்கி. இருக்காவன்னாரு. அப்ப அவங்க பேச்சத் தட்டாதேன்னுட்டான். ரெண்டு நாகரிகமும் எங்க ஒத்துப் போச்சுன்னு பாத்தியா, கெழவி சொல்லுக்கு!

சண்டை போடாமத் தீத்தவனுக்கு என்ன மரியாதன்னும் தெரிஞ்சுக்கோ. பலெர்மோவுல வளந்த ரெண்டாம் பிரெடரிக் சக்கரவர்த்தி, சிலுவைப்போருக்குப் போறதத் தள்ளிக்கிட்டே வந்ததால போப்பாண்டவர் அவரச் சபையவிட்டு வெலக்கிட்டாரு. வெலக்குன பெறவு அவரு போனாரு. போயி, எகிப்து சுல்தான் காமிலோட தூது விட்டுப் பேசி, 1229ல ஒரு வெட்டு குத்து இல்லாம ஜெருசலேம ஒப்பந்தத்துல வாங்குனாரு. அக்சா வளாகம் முஸ்லிம்கள்கிட்டயே இருக்கட்டும்னு பேச்சு. சுல்தானுக்கு அப்ப டமாஸ்கஸ்ல தம்பி மகனோட சொத்துத் தகராறு, அதான் எறங்கி வந்தாரு. பிரெடரிக் ஊருக்குள்ள வந்து தங்குன ராத்திரி, விருந்தாளி மனசு நோகுமேன்னு அங்குள்ள காஜி பாங்கு சொல்ல வேண்டாம்னு நிறுத்தி வச்சாரு. காலையில சக்கரவர்த்தி, ராத்திரி பாங்கு கேக்கணும்னுதான நான் இங்க தங்குனேன், ஏன் நிறுத்துனீங்கன்னு கேட்டாராம். இது இப்னு வாசில்ங்கிற வரலாற்றாசிரியர் எழுதி வச்சது.

இதுக்கு என்ன பாராட்டு கெடச்சிது? டமாஸ்கஸ் பள்ளிவாசல்ல சுல்தான ஏசிப் பிரசங்கம் நடந்து சனங்க அழுதாவ. இந்தப் பக்கம், ஆக்கர் துறைமுகத்துல பிரெடரிக் கப்பலேறப் போகையில, கசாப்புக் கடைக்காரங்க ஆட்டுக் கொடலயும் குப்பையயும் அவரு மேல வீசுனாவ. ரெண்டு நாகரிகமும் அன்னைக்கு ஒரே கருத்துல இருந்துது. பிரெடரிக்கத் தலையில தூக்கி வைக்கவும் வேண்டாம். சிசிலி முஸ்லிம்கள ஊரவிட்டுப் பேத்து இத்தாலியில லூசேராவுல குடிவச்சதும் அவருதான். அவரு மறைஞ்ச பெறவு 1300ல அந்த ஊர வேற ராசா அழிச்சு, அங்க இருந்தவங்கள அடிமையா வித்துட்டான்.

எரிச்ச கதையும் ஒண்ணு வேணுமே. ஸ்பெயின்ல முஸ்லிம்கள் ஆண்ட கிரானடா 1492ல கிறிஸ்துவ ராசாங்க கையில விழுந்தப்ப, அவங்கவங்க மதத்துல அவங்கவங்க இருக்கலாம்னு எழுதிக் குடுத்தாவ. ஏழெட்டு வருசத்துல பேராயர் சிஸ்னெரோஸ் வந்து அரபு நூலுங்களச் சந்தியில குவிச்சுத் தீ வச்சாரு. வைக்கதுக்கு முன்னால மருத்துவ நூலுங்கள மட்டும் பொறுக்கித் தனியா எடுத்து, தன்னோட அல்கலா கல்லூரிக்கு அனுப்பிட்டாரு. சாமி விசயத்துல கறாரா இருந்தவரு, வயித்துவலி விசயத்துல எவ்வளவு பெருந்தன்மன்னு பாரு. இதுக்கு எதிரணி கொதிச்சா, 1195ல கொர்தோவாவுல இப்னு ருஷ்துங்கிற தத்துவ அறிஞர நாடுகடத்தி அவரு தத்துவ நூல எரிச்சது யாருன்னு கேளு. அவரோட உரைகள்ல பல, இன்னைக்கு எபிரேயத்துலயும் லத்தீன்லயுந்தான் கெடைக்குது. பாரிஸ்லயும் 1277ல அவரு வழி வந்த கருத்துங்களையெல்லாம் சேத்து ஆயர் ஒருத்தர் தடை போட்டாருங்கிறத நீ சொல்லாத, அவங்க சொல்லட்டும்.

காப்பி குடிச்சியா? குடி. ஏமன் நாட்டுச் சூஃபிங்க ராத்திரி திக்ருங்கிற எறைவழிபாட்டுக்கு முழிச்சிருக்கக் குடிச்சது அது. 1511ல மெக்காவுல ஆளுநர் கைர் பேக் அதத் தடை பண்ணுனாரு. 1675ல லண்டன்ல ரெண்டாம் சார்லஸ் காப்பிக் கடைங்கள மூடச் சொல்லி ஆணை போட்டு, சனங்க போட்ட சத்தத்துல பத்தே நாள்ல வாபஸ் வாங்குனாரு. மதம் வேற, மொழி வேற, நாலு பேரு ஒக்காந்து அரசாங்கத்தப் பேசுனா வயித்தக் கலக்குறது மட்டும் ரெண்டு பேருக்கும் ஒண்ணு.

இன்னொரு கெழவி கதை. மேரி வோர்ட்லி மான்டகு, இங்கிலாந்து தூதர் பொஞ்சாதி. பெரியம்மை தம்பியக் கொண்டு போயி, இவங்க மொகத்தயும் கெடுத்துட்டு. 1717ல துருக்கியில எதிர்னேவுலருந்து எழுதுன கடுதாசியில வெவரம் சொல்லுதாவ: வெயில் தணிஞ்ச மாசத்துல கெழவிங்க வருவாங்க. கொட்டை ஓட்டுல அம்மைப் பால் இருக்கும். எந்த நரம்புன்னு கேட்டு, ஊசியால கீறி, ஊசித் தலையளவு வச்சுக் கட்டிருவாங்க. ரெண்டு மூணு நாள் காய்ச்சல், அதோட சரி. மறுவருசம் தன் மகனுக்கே இஸ்தான்புல்ல குத்த வச்சாவ. ஒரு கிரேக்கக் கெழவி துருப்பிடிச்ச ஊசியோட நடுங்குற கையில ஒரு பக்கம் குத்துனா; பொறுக்காம இங்கிலாந்து வைத்தியர் அடுத்த கையில குத்துனாரு. 1721ல லண்டன்ல மகளுக்கும் ஆச்சு. வைத்தியங்க பல பேரு மொறைச்சாங்க. ஒரு பாதிரியார் இது சாத்தான் வேலன்னு பிரசங்கமே பண்ணுனாரு. அம்மைக்குத் தடுப்பூசி கண்டுபிடிச்ச ஜென்னர் வந்தது 1796ல. ஜென்னருக்குச் சிலை இருக்கு. சுல்தான் ஊர்ல இருந்த அந்தக் கிறிஸ்துவக் கெழவி பேர எவனும் எழுதி வைக்கல. அவ எந்த அணின்னு நடுவர்கிட்டயே கேளு.

அந்தப் பக்கத்துக்காரனும் வாங்கத்தான் செஞ்சான். 1727ல இஸ்தான்புல்ல துருக்கி நூலுக்கு அச்சகம் போட்டது இப்ராகிம் முதபெரிகா, திரான்சில்வேனியாவுலருந்து வந்து முஸ்லிமானவரு. 1826ல எகிப்து பாஷா பாரிசுக்கு அனுப்புன மாணவங்களுக்குத் தொழுகை நடத்தத் தஹ்தாவின்னு ஒரு இமாம் கூடப் போனாரு. பையங்க கெட்டுப் போகாமப் பாத்துக்கிடப் போனவரு, அவனுவளவிட நல்லாப் படிச்சுட்டு வந்துட்டாரு. மார்செய்ல ஒரு காப்பிக் கடைக்குள்ள நொழைஞ்சு, சனங்க நெறைய நடமாடுற பெரிய தெருன்னு மலைச்சிருக்காரு. சுத்திலும் கண்ணாடின்னு தன்னையப் பாத்த பெறவுதான் தெரிஞ்சிருக்கு. ஏமன்லருந்து போன காப்பிய எகிப்து இமாம் பிரெஞ்சுக் கண்ணாடிக்கு நடுவுல பாக்காரு. திரும்பி வந்து பயணநூல் எழுதி, மொழிபெயர்ப்புப் பள்ளிக்கூடமும் நடத்துனாரு. ஹுனைன் செஞ்ச அதே சோலி, ஆயிரம் வருசம் கழிச்சு.

கடைசியா பொன்னாடை. பேசி முடிச்சதும் ஒனக்கு ஒண்ணு போத்துவாவ. வெலைச்சீட்ட மறக்காமக் கிழிச்சுரு. உலகத்துலயே பெரிய பொன்னாடை வியன்னாவுல அரண்மனைக் கருவூலத்துல இருக்கு. சிசிலி ராசா ரெண்டாம் ரோஜருக்குப் பலெர்மோ அரண்மனைப் பட்டறையில செஞ்சது. செகப்புப் பட்டு, தங்க நூல், முத்து. ரெண்டு பக்கமும் சிங்கம் ஒட்டகத்த அடிச்சு மிதிக்கிற படம். வென்றவன் கெத்து படத்துல இருக்கு. கரை நெடுக ஓடுற எழுத்து அரபி, வருசம் ஹிஜ்ரி 528, அதாவது 1133-34. புனித ரோமப் பேரரசருங்க முடிசூடையில அதத்தான் போத்திக்கிட்டாவ. 1792ல முடிசூடுன கடைசிப் பேரரசர் வரைக்கும் கரையில ஓடுன எழுத்து அதே அரபிதான்.